குலசை வேஷமும் ஸ்டோன்வால் கல்லும்: திருநங்கையர் தின அட்டையில் எதை ஒட்டலாம், எதை எடுக்கலாம்?

முதலில் கேள்வியைச் சுருக்கிச் சொல்லிவிடுகிறேன். பாளையங்கோட்டையில் படிக்கிறீர்கள். ஏப்ரல் 15 திருநங்கையர் தினத்துக்குக் கல்லூரியில் பத்துக் காட்சி அட்டை வைக்கும் பொறுப்பு உங்களுடையது. கையில் சேர்ந்திருப்பவை: தொல்காப்பிய நூற்பா, கூவாகம், 1871-ஆம் ஆண்டுக் குற்றப் பரம்பரைச் சட்டம், நியூயார்க்கில் 'முதல் கல்லை எறிந்த திருநங்கை', குலசை (குலசேகரன்பட்டினம்) தசராவில் சேலை கட்டிய ஆண்கள், கணியான் கூத்து. இதைப் பார்த்த ஒருவர், "திருநங்கை நம்ம மரபு, எல்ஜிபிடி வெளிநாட்டுச் சரக்கு. ரெண்டையும் ஏன் ஒண்ணா ஒட்டுதீய?" என்று கேட்டுவிட்டார். நீங்கள் கேட்டது அவருக்கு என்ன பதில் சொல்ல என்பதை. ஆனால் அதற்கு அடியில் இன்னொரு கேள்வி இருக்கிறது: சேர்த்து வைத்தவற்றில் எது நிற்கும், எது நிற்காது? இரண்டாவதைச் சரிசெய்தால் முதலாவதற்குப் பதில் தானாக வந்துவிடும். என் படிப்பு நாட்டார் வழக்காற்றியல். தீர்ப்புகளை வாசிப்பேன், வாதாடத் தெரியாது. ஆகவே கீழே சட்டம் பற்றி வருவதை வரலாறாக எடுத்துக்கொள்ளுங்கள், ஆலோசனையாக அல்ல.

ஒரு பிரிப்பை முதல் அட்டையிலேயே போட்டுவிடுங்கள். தன்னை ஆணாக, பெண்ணாக, அல்லது இரண்டிலும் அடங்காதவராக ஒருவர் உணர்வது பாலினம். யார்மேல் ஈர்ப்பு என்பது பாலீர்ப்பு. திருநங்கை (ஆணாக வளர்க்கப்பட்ட பெண்), திருநம்பி (பெண்ணாக வளர்க்கப்பட்ட ஆண்) என்பவை முதல் வகைச் சொற்கள். தன்பாலீர்ப்பு என்பது இரண்டாம் வகை. ஊடுபால் இவை இரண்டிலும் சேராது, அது உடலின் பிறவி அமைப்பு. 'எல்ஜிபிடி' என்ற தொடரில் முதல் மூன்று எழுத்து பாலீர்ப்பையும் கடைசி எழுத்து பாலினத்தையும் குறிக்கின்றன. இந்த நான்கையும் ஒரே கயிற்றில் கட்டியது யாருடைய கொள்கையும் அல்ல, போலீசும் சட்டமும்தான். ஆண் சேலை கட்டினாலும் ஆண் ஆணை விரும்பினாலும் பிடித்துப் போன கை ஒன்றுதான். அதனால் எதிர்த்தவர்களும் ஒன்றாக நின்றார்கள். உங்களிடம் கேட்டவருக்கு இந்த ஒரு விஷயமே போதும். இருந்தாலும் அவர் விடமாட்டார் என்று தோன்றுவதால் மற்றதையும் பார்ப்போம்.

குலசையை எடுத்துக்கொள்ளுங்கள். முத்தாரம்மனுக்கு நேர்ந்துகொண்டவர் மாலை போட்டு விரதம் இருக்கிறார். கொடியேறிய பிறகு காப்புக் கட்டி வேஷம் போடுகிறார். காளி, குறத்தி, ராஜா, போலீஸ், பிச்சைக்காரர் என்று எதுவாகவும் இருக்கலாம். வீடு வீடாகவும் கடை கடையாகவும் காணிக்கை வாங்கி, பத்தாம் நாள் கடற்கரையில் சூரசம்ஹாரம் முடிந்ததும் காப்பை அவிழ்த்து, வேஷத்தைக் கலைத்து, பழைய வேலைக்குப் போய்விடுகிறார். இங்கே சேலை நேர்த்திக்கடனின் உடுப்பு. வேஷத்துக்குத் தொடக்கமும் முடிவும் உண்டு. திருநங்கைக்கு நேர்மாறு: அவர் அதுவரை போட்டிருந்த சட்டையும் பேன்ட்டும்தான் அவருக்கு வேஷம். குலசைப் படத்தைத் திருநங்கையர் அட்டையில் ஒட்டினால், பார்க்கிறவன் "அப்போ இவங்களும் வேணும்னா கலைச்சிரலாமே" என்று நினைப்பான். நாம் தவிர்க்க வேண்டிய தப்பெண்ணமே அதுதான். ஒட்டத்தான் வேண்டும் என்றால் தனி அட்டையில், 'வேஷம் வேறு, பாலினம் வேறு' என்ற தலைப்பில் ஒட்டுங்கள். பத்து நாள் வேஷத்தின் மறைவில் தன்னை முதன்முதலாகக் கண்டுகொண்டவர்களும் இருக்கலாம்தான். அது அவரவர் சொல்ல வேண்டிய செய்தி, நாம் எழுதி ஒட்ட வேண்டியதல்ல.

கணியான் கூத்தும் இதே தராசில்தான் நிற்கும். சுடலைமாடன் கோயில் கொடை விழாவில் அண்ணாவி நின்று கதை பாட, பின்பாட்டுக்காரர் வாங்கிப் பாட, நெருப்பில் காய்ச்சிய மகுடம் என்ற தோல்பறையை இரண்டு பேர் அடிக்க, பெண்வேடம் கட்டிய இரண்டு ஆண்கள் சலங்கையோடு ஆடுவார்கள். பெண்வேடம் இந்தக் கலையின் இலக்கணம், பரம்பரைத் தொழில். ஆடுகிறவர் விடிந்ததும் சேலையை மடித்துப் பையில் வைத்துவிட்டு பஸ் ஏறுவார். அவரைத் திருநங்கை என்று அட்டையில் எழுதினால் அவருக்கும் தவறு செய்கிறோம், திருநங்கைக்கும் தவறு செய்கிறோம். கொடைகளில் கரகம் எடுத்து ஆடும் திருநங்கைகள் வேறு. அவர்களுக்கு அது பிழைப்பாகக் கிடைத்த மேடை. இந்த வித்தியாசத்தை நம் பக்கத்துக் கிழவிகள் யாரும் சொல்லித்தராமலே பிரித்துப் பார்ப்பார்கள். படித்த நமக்குத்தான் எல்லாம் 'பாலினக் கலைப்பு' என்று ஒன்றாகத் தெரிகிறது.

தொல்காப்பியத்தை எடுத்துவிடாதீர்கள், ஆனால் பாதியோடு நிறுத்தவும் வேண்டாம். சொல்லதிகாரம் கிளவியாக்கத்தில் "பெண்மை சுட்டிய உயர்திணை மருங்கின் ஆண்மை திரிந்த பெயர்நிலைக் கிளவியும்" என்று தொடங்கும் நூற்பாவைத்தான் எல்லாரும் ஒட்டுகிறார்கள். அதன் சாரம்: இப்படிப்பட்ட பெயர்களுக்குத் தமக்கென்று தனி ஈறு (சொல்முடிவு) கிடையாது, உயர்திணைப் பால் ஈறுகளையே கொள்ளும். அதே இயலில் இன்னொரு சிறு நூற்பா இருக்கிறது: "ஆண்மை திரிந்த பெயர்நிலைக் கிளவி ஆண்மை அறிசொற்கு ஆகிடன் இன்றே." ஆண்பால் முடிவுக்கு அங்கே இடமில்லை என்பது பொருள். பேடி என்பது இவர்களுக்குப் பழைய பெயர்: 'பேடி வந்தாள்' சரி, 'பேடி வந்தான்' பிழை. பஸ்ஸில் ஒரு திருநங்கையைப் பார்த்து "அவன் ஏறிட்டான்" என்கிறவனுக்கு இலக்கணப் பிழை காட்டுவதற்கு இதைவிடப் பழைய நூல் தமிழில் கிடையாது. என்னைக் கேட்டால் இந்த இரண்டாவது நூற்பாவைத்தான் பெரிய எழுத்தில் போட வேண்டும். 13-ஆம் நூற்றாண்டில் பவணந்தியார் நன்னூலில் இன்னும் ஓர் அடி போகிறார். பெண்மையை விட்டு ஆண்மையை அவாவுவது ஆண்பால், ஆண்மையை விட்டு மற்றதை அவாவுவது பெண்பால் என்கிறார். அதாவது விரும்பிச் சென்ற பாலே பால். இன்று திருநம்பி என்கிறோமே, அவருக்கும் அங்கே ஒரு வரி இருக்கிறது. ஆனால் அதே நூற்பாவின் கடைசி அடி "இருமையும் அஃறிணை அன்னவும் ஆகும்" என்று முடிகிறது. ஆடுமாட்டோடு சேர்த்துச் சொல்லவும் வழக்கு உண்டு என்கிற அந்த அடியை வெட்டிவிட்டு ஒட்டாதீர்கள். வெட்டினால் யாராவது ஒரு தமிழாசிரியர் வந்து மீதியைப் படித்துக்காட்டுவார்.

இங்கேதான் உறுதியானதையும் ஐயத்துக்குரியதையும் பிரிக்க வேண்டும். பழந்தமிழ் இவர்களை அறிந்திருந்தது, பெயரிட்டது, இலக்கணத்தில் இடம் கொடுத்தது என்பவை உறுதி. சிலப்பதிகாரத்தில் மாதவி ஆடும் பதினோராடலில் ஒன்று, "ஆண்மை திரிந்த பெண்மைக் கோலத்து"க் காமன் ஆடியது. ஆனால் அதுவும் குலசையைப் போலக் கோலம்தான் என்பதைக் கவனியுங்கள். 'பழந்தமிழகம் இவர்களைக் கொண்டாடியது' என்பது மட்டும் நிற்காது. அவைக்கு அஞ்சுகிறவன் கற்ற நூல் பகைவர் நடுவே பேடி கையில் இருக்கும் வாள் என்று 727-ஆம் குறள் இகழ்கிறது. 614-ஆம் குறளும் அதே உவமைதான். வள்ளுவரையே இப்படிச் சொல்ல வைத்த காலத்தைப் பொற்காலம் என்று எழுத முடியாது. கூவாகத்தையும் ஒட்டலாம். சித்திரைப் பௌர்ணமியில் திருநங்கைகள் அரவானுக்காகத் தாலி கட்டி, களப்பலிக்குப் பிறகு அறுத்து, வளையல் உடைத்து, வெள்ளைச் சேலைக்கு மாறும் சடங்கு அது. மோகினியாக வந்த கண்ணன் அரவானை மணந்தான் என்பது வடமொழி மகாபாரதத்தில் இல்லை, இங்கே விளைந்தது. ஊரும் இப்போது கள்ளக்குறிச்சி மாவட்டம், விழுப்புரம் என்று போட்டுவிடாதீர்கள்.

1871-ஆம் ஆண்டுச் சட்டத்தில் பெரும்பாலான மேடைப் பேச்சுகள் வழுக்குகின்றன. சட்டம் உண்மை. அதன் இரண்டாம் பகுதி 'அலிகள்' என்று அரசு கருதியவர்களைப் பதிவேட்டில் எழுதச் சொன்னது. பதிவானவர் பெண் உடையில் தெருவில் தென்பட்டாலோ கூலிக்கு ஆடினாலோ இரண்டு வருடம் வரை சிறை. ஆனால் அது முதலில் அமலானது வடமேற்கு மாகாணம், அவத், பஞ்சாப் பகுதிகளில். சென்னை மாகாணத்துக்குக் குற்றப் பரம்பரைச் சட்டம் வந்தது 1911-இல், இங்கே அது விழுந்தது சாதிகளின் மேல். தென்மாவட்டங்களில் 'ரேகைச் சட்டம்' என்று இன்றும் பேசப்படுவது அதுதான். ஆகவே '1871-இல் நெல்லைத் திருநங்கைகள் குற்றவாளிகள் ஆக்கப்பட்டார்கள்' என்ற வரியை எடுத்துவிடுங்கள். அந்த இடத்தில் 377-ஆம் பிரிவை வையுங்கள். 'இயற்கைக்கு மாறான' உடலுறவு என்று சொல்லித் தண்டித்த பிரிவு அது; 1860-இல் எழுதி 1862-இல் நடைமுறைக்கு வந்த இந்தியத் தண்டனைச் சட்டத்தில் இருந்தது, திருநெல்வேலிக்கும் சேர்த்துத்தான். அதன் பழைய வழக்குகளில் ஒன்று 1884-இல் அலகாபாத் உயர் நீதிமன்றத்துக்கு வந்த கைராத்தி வழக்கு. பெண் உடையில் பாடிக்கொண்டிருந்தவரைப் பிடித்து, உடலைச் சோதித்து, தண்டித்திருந்தார்கள். எங்கே, எப்போது, யாரோடு என்று ஒன்றையும் காட்ட முடியாததால் உயர் நீதிமன்றம் தண்டனையை நீக்கியது. சோதித்தது பாலீர்ப்பை, பிடித்தது உடையைப் பார்த்து. நான்கு எழுத்தும் ஒரே கயிற்றில் விழுந்தது எப்படி என்பதற்கு இதைவிட நல்ல சான்று வேண்டாம்.

இனி அந்தக் கல். 1969 ஜூன் 28 விடியுமுன், நியூயார்க் கிரீன்விச் வில்லேஜில் ஸ்டோன்வால் இன் என்ற மதுக்கடையில் போலீஸ் புகுந்தது. பெண் உடையில் இருந்தவர்களைத் தனியே கழிப்பறைக்குக் கொண்டுபோய்ப் பாலைச் சோதிப்பது அப்போதைய வழக்கம். அன்று அவர்கள் மறுத்தார்கள், வெளியே கூட்டம் கூடியது, கலவரம் பல இரவுகள் நீடித்தது. இதுவரை உறுதி. 'மார்ஷா பி. ஜான்சன் முதல் கல்லை எறிந்தார்' என்பது உறுதியல்ல. தாம் வந்து சேர்ந்தபோது கலவரம் ஏற்கெனவே தொடங்கிவிட்டது என்று அவரே பின்னாளில் பேட்டியில் சொல்லியிருக்கிறார். அவருடைய தோழி சில்வியா ரிவேரா முதல் இரவில் அங்கே இருந்தாரா என்பதிலும் ஆய்வாளர்களுக்குள் கருத்து வேறுபாடு உண்டு. கல்லை விட்டுவிடுங்கள், அதற்குப் பிறகு அவர்கள் செய்தது பெரியது. 1970-இல் இருவரும் ஸ்டார் என்ற அமைப்பைத் தொடங்கி, வீட்டைவிட்டுத் துரத்தப்பட்டுத் தெருவில் கிடந்த பிள்ளைகளுக்குத் தங்க இடமும் சாப்பாடும் கொடுத்தார்கள். 1973-இல் ஸ்டோன்வால் நினைவுப் பேரணி மேடையில் ரிவேரா பேச எழுந்தபோது சொந்தக் கூட்டமே கூச்சலிட்டது. மதிப்பான முகம் காட்ட விரும்பிய தன்பாலீர்ப்பாளர் சிலருக்குப் பெண் உடையும் சாயமும் சங்கடமாக இருந்தன. இந்தக் காட்சியையும் ஒட்டுங்கள், எல்லாரும் எப்போதும் கைகோத்து நடந்தார்கள் என்று காட்ட வேண்டாம். ஸ்டோன்வாலுக்கு மூன்று வருடம் முன்பே, 1966 ஆகஸ்டில், சான் பிரான்சிஸ்கோவில் காம்ப்டன்ஸ் சிற்றுண்டிச் சாலையில் இதே போல் ஒரு மோதல் நடந்தது. பிடிக்க வந்த போலீஸ்காரர் முகத்தில் ஒருவர் சூடான காப்பியை ஊற்றினார் என்பதில் அது தொடங்கியது. செய்தித்தாள்கள் கண்டுகொள்ளாததால் எந்த நாள் என்பதே பதிவாகவில்லை. மறைத்து வாழ முடிந்தவர் மறைத்துக்கொண்டார். முடியாதவர்தான் தெருவில் முதலில் நின்றார், முதல் அடியும் அவருக்குத்தான் விழுந்தது.

வேறொரு ஒற்றுமையும் உண்டு. 1970-களின் தொடக்கத்தில் நியூயார்க்கின் ஹார்லெமில், கிரிஸ்டல் லபேஜா என்ற கறுப்பினத்தவர், நிறவெறியோடு நடந்த அழகிப் போட்டிகளை விட்டு வெளியேறித் தன் பெயரில் ஒரு 'வீடு' தொடங்கினார். அதன் தலைவி 'அம்மா', சேர்ந்தவர்கள் 'பிள்ளைகள்'. நம் ஊரில் திருநங்கைகளின் குடும்ப அமைப்பான ஜமாத் இருக்கிறது. ரீத் என்ற சேர்க்கைச் சடங்கு முடித்துச் சேர்ந்தவர் குருவுக்குச் சேலா (சீடர்), வீட்டுக்குள் அம்மா, மகள். மூத்தவரைக் கண்டால் 'பாம்படுத்தி' என்று வணக்கம், தப்புச் செய்தால் தண்டு என்ற அபராதம். அறுவை முடிந்த நாற்பதாம் நாள் பாலூற்றும் சடங்கு. ஹார்லெமுக்கும் நம் ஜமாத்துக்கும் ஒருவரை ஒருவர் தெரியாது. பெற்ற வீடு கதவடைத்தால் இன்னொரு வீட்டைக் கட்டிக்கொள்ள வேண்டிய நெருக்கடி இரண்டு இடத்திலும் ஒன்றுதான். ஜமாத்தைப் புகழ்ந்தே எழுதிவிட வேண்டாம். குருவுக்குக் கட்ட வேண்டிய பங்கு, தண்டுத் தொகை, கடை கடையாகப் பணம் கேட்கும் எல்லைக்கான சண்டை என்று சுமையும் உண்டு.

உங்களிடம் கேட்டவர் 'வெளிநாட்டுச் சரக்கு' என்கிறாரே, தமிழ்நாட்டில் வரிசை நேர்மாறாக இருந்தது. இங்கே முதலில் தெருவில், அரசு அலுவலகத்தில், ரேஷன் அட்டையில் இடம் கேட்டு நின்றது திருநங்கைகள். 2008 ஏப்ரல் 15 அன்று இந்தியாவிலேயே முதலாவதாக நல வாரியம் வந்தது. தொடக்கத்தில் பெயர் அரவாணிகள் நல வாரியம். 2011 முதல் அந்த நாளே திருநங்கையர் தினம். 'அரவாணி' என்பது அரவானைச் சுற்றிய சொல். நம் பக்கத்தில் கிறிஸ்தவ, முஸ்லிம் வீடுகளில் பிறந்த திருநங்கைகள் எத்தனையோ பேர், அவர்களுக்கு அது பொருந்தவில்லை. 'திருநங்கை' எல்லாருக்கும் பொருந்தியது.

சட்டத்திலும் இந்த வரிசைதான். 2009-இல் டெல்லி உயர் நீதிமன்றம் 377-ஐத் தளர்த்தியதை 2013 டிசம்பர் 11 அன்று உச்ச நீதிமன்றம் ரத்துசெய்தது. நான்கே மாதத்தில், 2014 ஏப்ரல் 15 அன்று, அதே உச்ச நீதிமன்றம் நல்சா (தேசிய சட்டப் பணிகள் ஆணைக்குழு) தொடுத்த வழக்கில் பாலினத்தை அவரவரே சொல்லிக்கொள்ளும் உரிமையை ஏற்றது. அதிலிருந்து 2018 வரை நான்கு வருடம் ஒரு திருநங்கையின் பெயர் சட்டப்படி சரி, அவர் காதல் சட்டப்படி குற்றம். 2018 செப்டம்பர் 6 அன்று வயதுவந்தோரின் மனமொத்த உறவைக் குற்றமாக்கிய 377-இன் பகுதி விழுந்தபோது, நீதிபதிகள் சாய்ந்து நின்ற தூண்களில் ஒன்று நல்சா. திருநங்கையர் திறந்த கதவு வழியாகத்தான் மற்ற மூன்று எழுத்தும் உள்ளே வந்தன.

நம் சீமைக்கும் இதில் ஒரு பங்கு உண்டு, யாரும் அட்டையில் போடுவதில்லை. 2018 அக்டோபரில் தூத்துக்குடிக் கோயில் ஒன்றில் ஓர் ஆணும் ஒரு திருநங்கையும் தாலி கட்டிக்கொண்டார்கள். பதிவுத்துறை பதிய மறுத்தது. 1986 வரை திருநெல்வேலி மாவட்டமாக இருந்த ஊர்தானே அது. வழக்கு உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளைக்குப் போனது. 2019 ஏப்ரல் 22 அன்று நீதிபதி ஜி.ஆர். சுவாமிநாதன், இந்து திருமணச் சட்டத்தில் 'மணமகள்' என்ற சொல் திருநங்கையையும் உள்ளடக்கும் என்று தீர்ப்பளித்தார். ஊடுபால் குழந்தைகளுக்குத் தேவையின்றிப் பால் அறுவை செய்வதைத் தடுக்கவும் அதே தீர்ப்பு சொன்னது. ஆகஸ்டில் தமிழக அரசு ஆணை வந்தது. 2023 அக்டோபரில் தன்பாலினத் திருமணத்தை ஏற்க மறுத்த உச்ச நீதிமன்றமும், ஆண் பெண் உறவில் இருக்கும் திருநர் இருக்கிற சட்டத்தின் கீழேயே மணக்கலாம் என்பதை ஒப்புக்கொண்டது. கோவில்பட்டி பக்கத்து மந்தித்தோப்பில் திருநங்கைகள் நடத்தும் பால் உற்பத்தியாளர் கூட்டுறவுச் சங்கத்தையும் சேர்த்துக்கொள்ளுங்கள். தீர்ப்பு ஒரு அட்டை, பால் கேன் ஒரு அட்டை.

அச்சுக்கு முன் சில. ஓர் அட்டைக்கு அறுபது சொல்லுக்கு மேல் வேண்டாம், அதற்குமேல் யாரும் நின்று படிப்பதில்லை. 'ஓரினச்சேர்க்கையாளர்', 'அலி', 'ஒன்பது' போன்றவை மேற்கோளுக்குள் தவிர வரக் கூடாது. சென்னை உயர் நீதிமன்ற நீதிபதி ஆனந்த் வெங்கடேஷ் முன் 2021-இல் தொடங்கிய வழக்கின் வழியாகத் தமிழக அரசு 2022-இல் அரசிதழில் ஒரு சொற்பட்டியலே வெளியிட்டிருக்கிறது, அதைப் பாருங்கள். பொதுப்பெயராகப் 'பால்புதுமையினர்' என்பதைச் சமூகத்தினரே பயன்படுத்துகிறார்கள். பேச அழைக்கும் திருநங்கையை "ஒரு டான்ஸும் ஆடுங்க" என்று கேட்காதீர்கள், மேடையில் வரிசை கட்டி ஆசீர்வாதம் வாங்குவதும் வேண்டாம். ஒரு திருநம்பியையும் அழையுங்கள், எல்லா விழாவிலும் விடுபடுகிறவர் அவர்தான். வரவேற்புரைக்காரர் பழைய பெயரையோ அறுவையையோ தொடக் கூடாது என்பதை முதல் நாளே சொல்லிவையுங்கள். படம் இணையத்தில் போகலாமா என்று வாய்மொழியாக அல்ல, எழுதிக் கேளுங்கள், சிலருக்கு வீட்டில் தெரியாது. பயணச்செலவும் பேச்சுக்கான தொகையும் உறையில் அன்றே கையில் கொடுத்துவிடுங்கள். இன்னொன்று, மேடை அலங்காரத்தில் எல்லாரும் மறப்பது: அவர்கள் எந்தக் கழிப்பறைக்குப் போவார்கள், அதன் சாவி அன்று யாரிடம் இருக்கும் என்பதைக் காலையிலேயே விசாரித்து வையுங்கள்.